கவுன்சிலர் வீட்டுப் பேறுகாலம்

என் மகனே,

இங்கே எல்லோரும் சுகம் என்று முதல் வரியிலேயே எழுதினால் அது பாதிப் பொய். சாப்பிடுகிறோம், தூங்குகிறோம், உன் அம்மாவுக்கு இருமல் விட்டுவிட்டது. அந்த அளவுக்குச் சுகம்தான். மற்றபடி உன் கடிதம் வந்த நாளிலிருந்து இந்தத் தூத்துக்குடி வீட்டில் யாரும் யாருடனும் முகம் கொடுத்துப் பேசவில்லை. பாக்கியத்துக்கு ஆறாம் மாதம் நடக்கிறது, தலைப்பிரசவத்துக்கு வழக்கப்படி அவளை உடன்குடியில் அவள் அம்மா வீட்டுக்கு அனுப்புவதா, இலங்கையிலேயே வைத்துக்கொள்வதா, அப்பா ஒரு வார்த்தை எழுதினால் போதும் என்று கேட்டிருந்தாய். எட்டு நாளாக அந்த ஒரு வார்த்தையை எழுதுகிறேன், கிழிக்கிறேன். நேற்று உன் அம்மா காகிதக் குப்பையைக் கூட்டி அள்ளிக்கொண்டே, "அந்த ஊரு கவுன்சில்ல எந்திரிச்சா உக்கார மாட்டாரு. பெத்த மகனுக்கு ஒத்த வரி எழுத இந்தப் பாடு" என்றாள். இந்தக் கடிதத்தை நீ மட்டும் தனியாகப் படி என்று முதலில் எழுதியிருந்தேன். அதையும் அடித்துவிட்டேன். பாக்கியமும் படிக்கட்டும்.

சட்டத்தை முதலில் சொல்லித் தொலைக்கிறேன். அங்கே குடியுரிமை கேட்டு எழுதிப்போடுகிறவன், தான் மட்டுமல்ல, பெண்டாட்டியும் விட்டுப்போகாமல் அங்கேயே குடியிருந்ததாகக் காட்ட வேண்டும் என்று இங்குள்ள வக்கீல் சொல்கிறார். சில மாதம் போய்வந்தால் ஒன்றும் ஆகாது, ஆனால் போனவள் திரும்பி வருவதற்கு அனுமதிச் சீட்டு கிடைக்குமா என்பதுதான் தெரியாது என்று கப்பல் ஆபீஸ் குமாஸ்தா சொல்கிறார். கொழும்பிலிருந்து போன வாரம் வந்த சங்கு வியாபாரி, இரண்டு பேர் சொல்வதும் தப்பு, யார் எழுதிப்போட்டாலும் தரப்போவதில்லை என்கிறார். நம் சரக்கை ஏற்றுகிற தோணியை ஓட்டும் தண்டல் கடற்கரையில் என்னைப் பார்த்துச் சிரித்தான். "அண்ணாச்சி, முத்துக்குளிப்பு நடந்த காலத்துல எங்க ஆளுக மன்னாரு பக்கம் போவாக, அங்குள்ளவுக இங்கன வருவாக. கரையில இறங்குனா கஞ்சி குடிச்சியான்னுதான் கேப்பாக. இப்பம் சீட்டுங்கான், முத்திரைங்கான். கடல்லயே கெடக்க எங்களுக்கே ஒரு எழவும் வெளங்கல, ஒங்களுக்கு எங்க வெளங்கப் போவுது?" என்றான். உண்மைதான். எனக்கு விளங்கவில்லை. பாக்கியம் இங்கே வந்தால் நீ அங்கே நாடற்றவனாக ஆகிவிடலாம், அல்லது ஒன்றுமே ஆகாமலும் இருக்கலாம். அங்கேயே அவளை வைத்துக்கொண்டும் உனக்குக் குடியுரிமை கிடைக்காமல் போகலாம். வியாபாரத்தில் இப்படி ஒரு சரக்கை யாராவது என் முன்னால் வைத்திருந்தால் தொடவே மாட்டேன் என்று எழுந்து போயிருப்பேன். பேரப்பிள்ளை விஷயத்தில் எழுந்து போக முடியவில்லை.

ஆனால் நான் எழுத முடியாமல் தவிப்பது சட்டத்தால் அல்ல. அதை நீ தெரிந்துகொள்ள வேண்டும்.

பதினாறு வயதில் உடன்குடிச் செம்மண் காலில் ஒட்டியிருக்க, கருப்பட்டிச் சிப்பங்களோடு சிப்பமாகத் தோணியில் கடல் தாண்டியவன் நான். கொழும்பில் அடுத்தவர் கடையில் எடுபிடியாக நின்று, பிறகு தெற்கே இப்போது நீ இருக்கிற ஊரில் சொந்தக் கடை போட்டது உனக்குத் தெரியும். கவுன்சிலுக்கு நான் ஏன் நின்றேன் என்பதை மட்டும் உனக்கு நேராகச் சொன்னதில்லை. யுத்தத்தில் அரிசிக்குத் தட்டுப்பாடு வந்தபோது நம் கடை வாசலில் சிங்கள வண்டிக்காரரும் சோனக முஸ்லிம்களும் நம் ஆட்களும் ஒரே வரிசையில் நின்றார்கள். முன்னால் வந்தவனுக்கு முன்னால் அளந்தேன், அவ்வளவுதான். தெரிந்தவன் பின்கதவுக்கு வந்தால் விரட்டினேன். அதற்காக "முதலாளி நில்லுங்க" என்றார்கள். நின்றேன், ஜெயித்தேன். ஊருக்கு நல்லது செய்ய ஆசை இருந்தது, பொய்யில்லை. ஆனால் மாலை கழுத்தில் விழுந்தபோது, எடுபிடியாக நின்ற காலத்தில் என்னை "ஏலே" என்று விரட்டிய பழைய முதலாளி கூட்டத்தில் இருக்கிறாரா என்றுதான் என் கண் தேடியது. அவர் இல்லை. எனக்குச் சப்பென்று போய்விட்டது.

கவுன்சிலில் நான் செய்த உருப்படியான காரியம் ஒன்று உண்டென்றால் அது பிரசவ வார்டு. அதற்கு முன் ஏழைப் பெண்கள் கட்டை வண்டியில் ஒன்பது மைல் போக வேண்டும், பாதிப்பேர் வழியிலேயே பெற்றார்கள். நான் கத்தினேன், கெஞ்சினேன், சட்டம் தெரிந்தவனைப் போல நடித்தேன், கடைசியில் பன்னிரண்டு கட்டிலோடு கட்டி முடித்தோம். வாசல் கல்லில் என் பெயர் இருக்கிறது, நீ தினமும் அந்த வழியாகத்தான் போகிறாய். அங்கே வந்து சேர்ந்த சிங்கள மருத்துவச்சியை ஊரே நோனா, அதாவது அம்மணி, என்றது. ஒல்லியான பெண், அதட்டிப் பேசுகிறவள், ராத்திரி பகல் பாராமல் உழைத்தவள். திறப்பு விழாவில் நான் பேசி முடித்து உட்கார்ந்ததும், "முதலாளி, உங்கட வீட்டு அம்மாவும் இங்கதான் வரவேணும்" என்று எல்லார் முன்னாலும் சொன்னாள். எல்லோரும் கைதட்டினார்கள். நானும் தட்டினேன். மறு வருஷமே உன் அம்மா மூன்றாவதாக உண்டானாள்.

தலைப்பிரசவம் மட்டும்தான் தாய்வீட்டுக்கு என்பது ஊர் வழக்கம். நம் வீட்டில் உன்னையும் உன் தங்கையையும் உடன்குடியிலேயே பெற்றாள், ஆகவே மூன்றாவதற்கும் அப்படியே என்று நான் முடிவு செய்தேன். ஏழாம் மாதம் நோனா நம் கடைக்கே வந்தாள். கல்லாவில் நான் மட்டும் இருந்தேன். "முதலாளி, அம்மாட காலு நல்லா வீங்கி. ரத்தமும் பாத்தது, சரியில்ல. ரயிலு கப்பலு ஒண்ணும் வேணாம். இங்க கொண்டு வாங்க, நான் பாக்கிறது" என்றாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா? மாமியார் படுத்த படுக்கையாகக் கிடக்கிறார், மகளைப் பார்த்துவிட்டுத்தான் கண்ணை மூடுவேன் என்கிறார் என்று சொன்னேன். உன் பாட்டி அப்போது உடன்குடியில் உலக்கை போட்டு இடித்துக்கொண்டிருந்தாள். உன் அம்மாவிடம் நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஏன் என்று இத்தனை வருஷமாக என்னையே கேட்கிறேன். ஆஸ்பத்திரிப் பேறு என்றால் நாதியற்றவளுக்குத்தான் என்று நம் சனம் நினைக்கும், இத்தனை சம்பாதித்தும் பெண்டாட்டியைத் தர்மக் கட்டிலில் போட்டான் பார் என்று பேசும், அந்தப் பயம் ஒன்று. கவுன்சில் வேலையில் வீட்டைப் பார்க்க நேரமில்லை என்பது ஒன்று. வழக்கத்தை மாற்றினால் ஏதாவது ஆகிவிடுமோ என்பதும் இருந்தது. எது முதல், எது பின் என்று எனக்கே பிடிபடவில்லை.

தலைமன்னார் வரை அம்மாவைக் கொண்டுபோய்க் கப்பல் ஏற்றிவிட்டவன் நீ. புறப்படும்போது, "அப்பா, அம்மா கால் இப்படி வீங்கிக் கெடக்கே, ஒருக்க டாக்டர்ட்ட காட்டிட்டு அனுப்புவமா?" என்று கேட்டாய். "ஏலே, ஒனக்கு என்ன தெரியும், ரெண்டு பிள்ளை பெத்தவளுக்குத் தெரியாதா?" என்று உன் வாயை அடைத்தேன். மணியாச்சி தாண்டும்போது ரயிலிலேயே வலி கண்டது. உடன்குடி வரை போக முடியாமல், கூட வந்த ஊர்க்காரர்கள் இங்கே ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் யாரோ ஒரு புண்ணியவதி வீட்டில் அவளை இறக்கினார்கள். பெண் குழந்தை. இரண்டு நாள் இருந்தது. தந்தி வந்தபோது நான் வார்டுக்குத் தண்ணீர்க் குழாய் போடும் தீர்மானத்தைப் பேசிக்கொண்டிருந்தேன். அன்று முதல் நீ என்னோடு அளந்துதான் பேசுகிறாய். நீ அடம்பிடித்துத் தடுத்திருக்கலாமே என்று உன்னை நீயே அரித்துக்கொள்கிறாயோ என்று எனக்கு ஒரு சந்தேகம். அப்படி இருந்தால் இன்றோடு விட்டுவிடு. நீ சரியாகக் கேட்டாய். தெரிந்தே அனுப்பியவன் நான்.

உன் அம்மா அதற்குப் பிறகு அக்கரைக்குத் திரும்பவே இல்லை. நான் அங்கேயே இருந்தேன், அடுத்த தேர்தலுக்கும் நின்றேன். சந்தைக் கூட்டத்தில் இது என் ஊர், என் கட்டை இங்கேதான் வேகும் என்று நான் முழங்கிக்கொண்டிருந்தபோது ஒரு வண்டிக்காரன் மனைவி எழுந்து, "உங்கட ஊர்னா உங்கட வீட்டு அம்மா ஏன் உங்கட வார்டுல பெறல்ல?" என்று கேட்டாள். கூட்டம் சிரித்தது. நான் மறுபடியும் மாமியாரைப் படுக்கையில் போட்டேன். இந்தத் தடவை குரல் தழுதழுக்கச் சொன்னேன், பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நோனா ஓரத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அந்தத் தேர்தலிலும் ஜெயித்தேன். தோற்றிருந்தால்கூட இன்றைக்கு நிம்மதியாக இருந்திருப்பேன் போலிருக்கிறது.

பிறகு புதுச் சட்டம் வந்து வாக்காளர் பட்டியலிலிருந்து என் பெயரை எடுத்தார்கள். விசாரணைக்கு உட்கார்ந்த அதிகாரி சின்ன வயது, மரியாதையான பையன். வரி கட்டிய ரசீது, கவுன்சில் தீர்மானம், மாலை போட்ட போட்டோ எல்லாவற்றையும் மேஜையில் பரப்பினேன். பொறுமையாகப் பார்த்துவிட்டு, உங்கள் மனைவி எங்கே இருக்கிறார், பிள்ளைகள் எங்கே பிறந்தார்கள் என்று இரண்டே கேள்வி கேட்டான். சொன்னேன். எழுதிக்கொண்டான். நான் எழுந்தபோது அவனும் எழுந்து, "என்ட மகன் உங்கட வார்டுலதான் பிறந்தான் ஐயா" என்றான். அவன் அன்பாகத்தான் சொன்னான். எனக்கு அந்த மேஜையைப் புரட்டிப் போட வேண்டும் போல ஆத்திரம் வந்தது. யார் மேல் ஆத்திரம் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. மூன்று மாதம் இருந்துவிட்டு வருகிறேன் என்று கடையை உன் கையில் கொடுத்துவிட்டு இங்கே வந்தேன். வருஷமாகப் போகிறது. இங்கே என்னைக் கொழும்பு அண்ணாச்சி என்கிறார்கள். துறைமுகப் பக்கத்து வார்டுக்கு முனிசிபல் தேர்தலில் நிற்கச் சொல்லி நாலு பேர் வந்துபோனார்கள். தெருவில் தண்ணீர் இல்லை, சாக்கடை இல்லை, அண்ணாச்சி வந்தால் எல்லாம் நடக்கும் என்றார்கள். வேண்டாம் என்றும் சொல்லவில்லை, சரி என்றும் சொல்லவில்லை. நீ என்றாவது நிற்பதாக இருந்தால், வீட்டில் உள்ளவர்களுக்கு முதலில் உண்மையைச் சொல்லிவிட்டு மேடை ஏறு. அதைத் தவிர அரசியலைப் பற்றி உனக்குச் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை.

இந்த லட்சணத்தில் முந்தாநாள் உன் மாமியார் உடன்குடியிலிருந்து பஸ் ஏறி வந்து இறங்கினாள். ஓலைப்பெட்டியில் கருப்பட்டி, சுக்கு, ஓமம், பேறுகாலத்துக்கு வேண்டிய மருந்துச் சாமான் எல்லாம். வாசலில் கால்கூடக் கழுவவில்லை. "அண்ணாச்சி, கப்பலு என்னைக்கு வருதுன்னு சொல்லுங்க. நான் வண்டி கட்டிக்கிட்டு வந்து என் பிள்ளையக் கூட்டிட்டுப் போறேன்" என்றாள். நான் சட்டத்தைச் சொன்னேன். எனக்கே விளங்காத சட்டத்தை அவளுக்கு விளங்க வைக்கப் பார்த்தேன்.

"சட்டம் வந்து பேறு பாக்குமா? வெந்நி வச்சு ஊத்துமா?" என்றாள்.

"அங்கன நல்ல ஆஸ்பத்திரி இருக்கு தங்கச்சி. நானே நின்னு கட்டுனது."

"அண்ணாச்சி கோவிச்சுக்கிடாதீங்க. நீங்க கட்டுன ஆஸ்பத்திரியில மயினி ஒரு பிள்ளையாவது பெத்தாவுளா?"

உன் அம்மா சுளகில் உளுந்து புடைத்துக்கொண்டிருந்தாள். புடைப்பது நிற்கவில்லை. அந்த இடத்தில்தான், உன் மாமியார் முன்னாலேயே, ஐந்து வருஷமாகச் சொல்லாததைச் சொன்னேன். அனுப்பக்கூடாது என்று நோனா சொன்னாள், நான் மறைத்தேன், நான்தான் அந்தப் பிள்ளையைக் கொன்றேன் என்று சொன்னேன். அழுதேன் என்றும் எழுதிவிடுகிறேன். உன் அம்மா சுளகைக் கீழே வைத்தாள்.

"இதென்ன புதுக்கதை. அவ எங்கிட்டச் சொல்லிட்டுத்தானே கடைக்கே வந்தா" என்றாள்.

"தெரிஞ்சுமா ஏறுன?" என்றேன்.

"தெரிஞ்சுதான் ஏறுனேன். எங்க ஆத்தாளப் பாத்து ஆறு வருசமாச்சு. சும்மா ஊருக்குப் போறேன்னா என்னைக்காவது விட்டிருக்கீங்களா? கடையிம்பீங்க, கவுன்சிலும்பீங்க. பேறுகாலம்னாத்தான் எனக்கு டிக்கெட் எடுப்பீங்க. அங்கனயே பெத்துப் போட்டிருந்தா நான் எப்பம் போவ, எங்காத்தா மொகத்த எப்பம் பாக்க? அதான் வாய மூடிக்கிட்டு ஏறுனேன். நீங்க கொன்னீங்களா, நான் கொன்னேனா, எனக்குத் தெரியல. இனிமே அதப் பேசாதீங்க" என்றாள். மறுபடி சுளகை எடுத்தாள்.

மகனே, நான் உன் அம்மாவோடு இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் குடித்தனம் நடத்தியவன். வார்டில் எத்தனை கட்டில், ஒவ்வொன்றும் எந்த ஜன்னலுக்குப் பக்கம் என்று சொல்வேன். இந்த ஒன்று எனக்குத் தெரியாது. குற்றம் முழுவதும் என்னுடையது என்று சுமந்துகொண்டு திரிந்தேன். இப்போது அது குறைந்ததா கூடியதா என்றே தெரியவில்லை. உன் மாமியார் எழுந்து போய் உன் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, "மயினி, அப்பம் நான் அங்கன போறேன். என் பிள்ளை வர வேண்டாம்" என்றாள். திருச்செந்தூர்க் கடலில் காலை நனைத்ததோடு சரி, தோணியில்கூட ஏறாதவள். நேற்று அவளையும் உன் அம்மாவையும் கூட்டிக்கொண்டு அனுமதிச் சீட்டுக்கு எழுதிப்போடப் போனேன். எத்தனை நாள் தங்கப் போகிறீர்கள் என்று குமாஸ்தா கேட்டான். "பேறு பாத்து, பிள்ளைக்குத் தலை நிக்கிறமுட்டும்" என்றாள். அவன் என்னைப் பார்த்தான். நான் ஆறு மாதம் என்று எழுதினேன். கிடைக்குமா என்று கேட்காதே, எனக்குத் தெரியாது.

ஆகவே பாக்கியத்தை அனுப்பாதே. ஆனால் என் பேச்சைக் கேட்டும் செய்யாதே. நாலு பக்கக் கடிதத்தில் பாக்கியம் என்ன சொல்கிறாள் என்று நீ ஒரு வரி எழுதவில்லை, நானும் அந்தக் காலத்தில் எழுதியிருக்க மாட்டேன். அவளைக் கேள். அம்மாவைப் பார்க்க வேண்டும் என்று அவள் சொன்னால், அதற்கு ஒரு பிள்ளை வயிற்றில் இருக்க வேண்டும் என்று வைத்துவிடாதே. உடம்பு தேறியதும் நீயே கூட்டிக்கொண்டு வா. சட்டம் என்ன ஆனாலும் ஆகட்டும்.

இன்னும் ஒன்று இருக்கிறது. இதை உன் அம்மாவிடமும் நான் சொல்லவில்லை. குழந்தை போன விஷயத்தை அங்கே யாரிடமும் பேச வேண்டாம், தேர்தல் முடியட்டும் என்று உன் வாயைக் கட்டினேன் அல்லவா? சந்தைக் கூட்டம் கலைந்ததும் நோனா என்னிடம் வந்து, பாப்பா எப்படி என்று கேட்டாள். சுகமாக இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். அப்புறம் அவள் பார்க்கும்போதெல்லாம் கேட்பாள். நடக்குதா என்பாள், நடக்கிறது என்பேன். பேசுதா என்பாள், பேசுகிறது என்பேன். நான் புறப்பட்ட அன்று, பாப்பாவுக்கு என்று அவளே தைத்த ஒரு கவுனைக் கொடுத்து அனுப்பினாள். நாலு வயதுக்கு அளவு பார்த்துத் தைத்திருக்கிறாள். அது என் பெட்டியின் அடியில் கிடக்கிறது. பாக்கியத்தை நீ வார்டுக்குக் கூட்டிக்கொண்டு போனால் உன்னிடமும் கேட்பாள். முதலில் அவளைத் தனியாகக் கூப்பிட்டு, அந்தப் பிள்ளை இரண்டு நாள்தான் இருந்தது என்று சொல்லிவிடு. அதற்குப் பிறகு பாக்கியத்தை அவள் கையில் ஒப்படை.

உன் அப்பா